சோழநாட்டைப் படம் பிடித்த தஞ்சைத் தமிழர்!

பொழுது விடியும் நேரம். பூதலூரில் ரெயிலை விட்டு இறங்கி, வயல் பக்கம் நடந்து பாருங்கள்.

நடவு முடிந்த வயலில் தண்ணீர் நிற்கும். அதில் வானம் தெரியும். சூரியன் கிளம்பியதும் வயல் முழுவதும் தங்கத் தகடு போல மின்னும். எல்லாம் கொஞ்ச நேரம்தான். வெயில் ஏறினால் அந்த அழகு போய்விடும்.

அந்த வெளிச்சத்தைப் பிடித்து வைப்பது ஒரு தொழில். அதில் இந்தியா முழுவதும் பெயர் எடுத்த ஒருவர், நம் தஞ்சை மாவட்டத்துக்காரர்.

அவர் பெயர் ரவி வர்மன்.

கல்லணையில் பிரியும் கல்லணைக் கால்வாய், தஞ்சாவூரைத் தாண்டி ஒரத்தநாட்டு வயல்களுக்குப் பாய்கிறது. அந்தப் பக்கத்தில் உள்ள பொய்யுண்டார்குடிக்காடுதான் அவர் பிறந்த ஊர்.

என்ன வேலை?

சினிமாவில் நடிகரை எல்லோருக்கும் தெரியும். டைரக்டரையும் தெரியும். ஒளிப்பதிவாளரைப் பலருக்குத் தெரியாது.

காமிராவை எங்கே வைப்பது? வெளிச்சம் எந்தப் பக்கம் இருந்து வர வேண்டும்? முகத்தில் எவ்வளவு நிழல் விழ வேண்டும்? இதை எல்லாம் டைரக்டருடன் கலந்து முடிவு செய்பவர் அவர்தான்.

ரவி வர்மன், ரவி கே. சந்திரன் என்ற ஒளிப்பதிவாளரிடம் உதவியாளராக இருந்து தொழில் கற்றார். தொடக்கத்தில் மலையாளப் படங்களை எடுத்தார். பிறகு தமிழில் "வேட்டையாடு விளையாடு" (2006), "தசாவதாரம்" (2008) வந்தன.

பேசாத கதாநாயகன்

2012-ல் "பர்ஃபி" என்ற இந்திப் படம் வந்தது. அதன் கதாநாயகனுக்குக் காது கேட்காது; வாய் பேச வராது!

அவன் மகிழ்ச்சியையும் துக்கத்தையும் வசனத்தால் சொல்ல முடியாது. காமிராதான் சொல்ல வேண்டும். சொல்லியது! அந்தப் படம் ஆஸ்கார் போட்டிக்கு இந்தியாவின் சார்பில் அனுப்பப்பட்டது.

"தமாஷா" (2015) படத்துக்காக, பிரான்சு நாட்டின் கார்சிகா தீவுக்கே காமிரா போயிற்று.

இப்படி மொழி தாண்டிப் போனவர் இவர் மட்டும் அல்ல. தென்கொரியாவில் சங் சங் ஹூன் என்ற ஒளிப்பதிவாளர் இருக்கிறார். "ஓல்டுபாய்" (2003) என்ற கொரியப் படத்தால் புகழ் பெற்றார். பிறகு ஹாலிவுட் அவரை அழைத்தது. "இட்" (2017), "வோங்கா" (2023) ஆகிய ஆங்கிலப் படங்கள் அவர் எடுத்தவை.

பாஷை மாறலாம். வெளிச்சம் எல்லா ஊருக்கும் ஒன்றுதான்.

நர்மதைக் கரையில் சோழநாடு

பிறகு வந்தது "பொன்னியின் செல்வன்". கல்கி எழுதிய காவிரி நாட்டுக் கதை. டைரக்டர் மணிரத்னம். காமிரா, ரவி வர்மன்.

ஆயிரம் ஆண்டுக்கு முந்திய சோழநாட்டை எங்கே போய்த் தேடுவது? இன்றைய தஞ்சையில் எந்தப் பக்கம் பார்த்தாலும் மின்சாரக் கம்பி!

தாய்லாந்து, ஐதராபாத், மத்தியப் பிரதேசத்தில் உள்ள ஓர்ச்சா, நர்மதைக் கரையில் உள்ள மகேசுவர் என்று பல இடங்களில் படம் எடுத்தார்கள். ஆனால், பார்ப்பவர் கண்ணுக்கு எல்லாம் ஒரே நாடாகத் தெரிய வேண்டும். ராத்திரிக் காட்சி என்றால், தீப்பந்தமும் எண்ணெய் விளக்கும் தரும் வெளிச்சம் போலவே இருக்க வேண்டும்.

அதைச் செய்து காட்டியவர், அந்த நாட்டிலேயே பிறந்து வளர்ந்தவர்!

முதல் பாகம் 2022 செப்டம்பர் 30-ந்தேதி வெளிவந்தது. அந்த ஆண்டின் சிறந்த ஒளிப்பதிவாளருக்கான தேசிய விருது, அந்தப் படத்துக்காக ரவி வர்மனுக்குக் கிடைத்தது. 2024-ல் அறிவித்தார்கள்.

பூதலூர் வயலில் நாளையும் பொழுது விடியும். தண்ணீர் மின்னும். அதைப் பார்க்கக் காசு வேண்டாம், டிக்கெட் வேண்டாம்.

பிள்ளைகளைக் கொஞ்சம் முன்னதாக எழுப்பிக் கூட்டிப் போங்கள். அவர்களில் யார் கண்ணில் அந்த வெளிச்சம் தங்குமோ, யார் கண்டது?