பறித்த சுதந்திரத்துக்கு விலை என்ன?

குற்றவாளி அல்ல என்று நியாயஸ்தலம் தீர்ப்பளித்த பிறகு ஒரு மனிதனைச் சிறையில் வைத்திருக்க முடியுமா? ஒரு நாள்கூட முடியாது என்று எந்த வக்கீல் குமாஸ்தாவும் சொல்லிவிடுவார். ஆனால் நமது தேசத்தில் நடந்தது வேறு. பீஹாரில் ருதுல் ஷா என்பவரை முஸபர்பூர் செஷன்ஸ் கோர்ட்டு 1968ஆம் வருஷம் ஜூன் 3ந் தேதி விடுதலை செய்தது. அவர் சிறைவாசலைத் தாண்டி வெளியே வந்ததோ 1982ஆம் வருஷம் அக்டோபர் 16ந் தேதி. இடையே கழிந்தவை 14 வருஷங்களுக்கு மேல்.

காரணம் கேட்டபோது, அவர் சித்த சுவாதீனமற்றவராக இருந்தார் என்று அதிகாரிகள் பதில் சொன்னார்கள். அதற்குத் தக்க ஆதாரம் ஒன்றையும் காட்டவில்லை. 1983ஆம் வருஷம் சுப்ரீம் கோர்ட்டு அந்தச் சமாதானத்தை ஏற்க மறுத்து, முன்பு கொடுத்த 5,000 ரூபாயுடன் மேலும் 30,000 ரூபாயைப் பீஹார் சர்க்கார் இடைக்கால நஷ்டஈடாகக் கொடுக்கவேண்டுமென உத்தரவிட்டது. கணக்குப் போட்டுப் பார்த்தால் நாளொன்றுக்கு ஏழு ரூபாய்கூட ஆகவில்லை. ஆயினும் அந்தத் தீர்ப்பை நாம் குறைத்து மதிப்பிடவில்லை. மூடிக்கிடந்த ஒரு கதவை அதுவே திறந்துவிட்டது.

இத்துடன் மற்றொரு வழக்கை ஒப்பிட்டுப் பார்ப்பது நல்லது. 1763ஆம் வருஷம் லண்டனில், சர்க்காரைத் தாக்கி எழுதிய ஒரு பத்திரிகையின் சம்பந்தமாக, ஆள் பெயர் குறிக்காத வாரண்டின் பேரில் அச்சுக்கூடத் தொழிலாளர் பலரைப் பிடித்தார்கள். ஹக்கிள் என்பவர் அவர்களில் ஒருவர். வாரத்துக்கு ஒரு கினி சம்பளம் வாங்கியவர். காவலில் இருந்தது சுமார் ஆறு மணி நேரம். வயிறாரச் சாப்பாடும் கொடுத்து மரியாதையாகவே நடத்தினார்கள். ஆனாலும் ஜூரிகள் அவருக்கு 300 பவுன், அதாவது அவருடைய ஐந்து வருஷச் சம்பளத்துக்கும் மேலான தொகை, கொடுக்கச் சொன்னார்கள். தொகை அதிகமென்று சர்க்கார் தரப்பில் முறையிட்டும் நீதிபதிகள் குறைக்கவில்லை. அடிபட்டதற்காகக் கொடுத்த பணமன்று அது. பிரஜையின் சுதந்திரத்தில் சட்டவிரோதமாகக் கை வைத்ததற்காகக் கொடுத்தது.

இந்தக் கோட்பாட்டைத் தங்கள் தேசத்தில் போற்றிய ஆங்கிலேயர், நம்மை ஆண்டபோது அதைக் கப்பலில் ஏற்றிக்கொண்டு வரவில்லை. அவர்கள் தந்தது 1861ஆம் வருஷத்துப் போலீஸ் சட்டம். அதே வருஷம் கல்கத்தாவில் தீர்ப்பான ஒரு வழக்கிலிருந்து, ஆளும் அதிகாரத்தைச் செலுத்துகையில் நேரும் தீங்குக்குச் சர்க்கார் ஜவாப்தாரியல்ல என்ற கொள்கையும் வளர்ந்தது. சுயராஜ்யம் வந்த பிறகும் அது ஒழியவில்லை. 1947ஆம் வருஷம் மீரட்டில் ஒரு நகை வியாபாரியைச் சந்தேகத்தின் பேரில் பிடித்த போலீஸார் அவரிடமிருந்த தங்கத்தையும் கைப்பற்றினர். அதைக் காவலில் வைத்திருந்த ஹெட்கான்ஸ்டபிள் எடுத்துக்கொண்டு ஓடிப்போனார். இழந்த தங்கத்துக்குச் சர்க்கார் பொறுப்பல்ல என்று 1964ஆம் வருஷம் சுப்ரீம் கோர்ட்டே சொல்ல நேர்ந்தது.

ருதுல் ஷா வழக்குக்குப் பிறகு நிலைமை மாறியது. சட்டசபைக்குப் போகவிடாமல் தடுத்துக் காவலில் வைக்கப்பட்ட ஜம்மு காஷ்மீர் அங்கத்தினர் பீம் சிங்குக்கு 1985இல் 50,000 ரூபாய் கிடைத்தது. ஒரிஸ்ஸாவில் போலீஸ் காவலில் மகனைப் பறிகொடுத்த ஒரு தாய்க்கு 1993இல் 1,50,000 ரூபாய் கொடுக்கச் சொன்ன சுப்ரீம் கோர்ட்டு, அடிப்படை உரிமை மீறப்பட்ட இடத்தில் சர்க்காரின் பழைய பாதுகாப்புக் கவசம் செல்லாது என்றும் தெளிவுபடுத்தியது. நாகர்கோவிலில் பிறந்த விஞ்ஞானி நம்பி நாராயணன், ராக்கெட் இரகசியத்தை விற்றார் என்ற பொய்க் குற்றச்சாட்டில் 1994இல் கேரளத்தில் கைதானார். குற்றச்சாட்டில் உண்மையில்லை என்று 1996இலேயே மத்தியப் புலனாய்வு இலாகா சொல்லிவிட்டது. அவருக்கு 50 லட்சம் ரூபாய் கொடுக்கவேண்டுமென்று சுப்ரீம் கோர்ட்டு உத்தரவிட்டதோ 2018இல். உலகறிந்த விஞ்ஞானிக்கே 24 வருஷங்கள் என்றால், கூலி வேலை செய்பவனின் கதி என்ன?

வேறு பரிகாரமே இல்லையா என்று வாசகர்கள் கேட்கலாம். இருக்கிறது; ஆனால் வழியெல்லாம் முள். சட்டவிரோதமாகக் காவலில் வைத்ததற்குச் சிவில் வழக்குத் தொடரலாம்; விடுதலையான ஒரு வருஷத்துக்குள் தொடர்ந்தாகவேண்டும். சர்க்கார்மீது தொடர, பொதுவாக இரண்டு மாத முன்னறிவிப்பும் கொடுக்கவேண்டும். கிரிமினல் வழக்குத் தொடர்ந்தால், சர்க்காரின் அனுமதி எங்கே என்ற கேள்வி குறுக்கே நிற்கும். தக்க காரணமின்றிக் கைது செய்வித்தவன் கொடுக்கவேண்டிய தொகைக்கு 2024ஆம் வருஷம் ஜூலை முதல் அமலுக்கு வந்த புதிய நடைமுறைச் சட்டமும் விதிக்கும் உச்சவரம்பு 1,000 ரூபாய்!

1979இல் சர்வதேச உரிமை உடன்படிக்கையில் சேர்ந்தபோது, சட்டவிரோதக் கைதுக்கு நஷ்டஈடு கோரும் உரிமை நமது சட்டத்தில் இல்லை என்று இந்திய சர்க்கார் ஒதுக்கி வைத்தது. இதற்குத் தனி ஏற்பாடு வேண்டுமென்று 2018இல் சட்டக் கமிஷன் தனது 277ஆவது அறிக்கையில் சிபார்சு செய்தது. அந்தச் சிபார்சு இன்னும் சட்டமாகவில்லை.

போலீஸாரின் வேலை எளிதன்று என்பதை நாம் அறிவோம். நேர்மையான சந்தேகத்தின் பேரில் செய்த கைது பின்னர் தவறாகிவிட்டால், அதற்காக அதிகாரியைத் தண்டிக்க வேண்டுமென்று நாம் கூறவில்லை. பொய்யென்று அறிந்தே பூட்டி வைப்பவரைப் பற்றியே பேசுகிறோம். அவர் செய்த பிழைக்கு ஜனங்களின் வரிப்பணத்திலிருந்து நஷ்டஈடு கொடுத்துவிட்டு, அவரை உத்தியோகத்தில் சுகமாக இருக்க விடுவது எந்த நியாயம்? அகப்பட்டவன் கோர்ட்டுக் கோர்ட்டாக அலையாமல் குறித்த காலத்துக்குள் நஷ்டஈடு பெறவும், தீய எண்ணத்துடன் நடந்த அதிகாரியிடமிருந்து அத்தொகையை வசூலிக்கவும் ஒரு சட்டம் வேண்டும். இதுவே நமது கோரிக்கை.

அதுவரை ஜனங்கள் தங்களுக்குள்ள உரிமையை மனப்பாடமாக வைத்துக்கொள்ள வேண்டும். கைதுக்குக் காரணம் கேட்கலாம். உற்றாருக்குச் செய்தி அனுப்பச் சொல்லலாம். வக்கீலைக் கலந்துகொள்ளலாம். பிரயாண நேரம் நீங்கலாக 24 மணி நேரத்துக்குள் மாஜிஸ்திரேட் முன் கொண்டுபோயாக வேண்டும். கைது செய்த நேரமும் தேதியும் எழுதிச் சாட்சிக் கையெழுத்துடன் குறிப்புத் தயாரிக்க வேண்டுமென்பதும், உடல் காயங்களைப் பரிசோதித்துப் பதியவேண்டுமென்பதும் டி. கே. பாசு வழக்கில் 1996இல் சுப்ரீம் கோர்ட்டு இட்ட கட்டளைகள். ஒருவரைக் காணாமல் அடைத்துவைத்தால் உற்றார் ஹைக்கோர்ட்டில் ஆட்கொணர்வு மனுப் போடலாம்.

டி. கே. பாசு வழக்கு ஆரம்பமானது, பிரதம நீதிபதிக்கு 1986இல் எழுதப்பட்ட ஒரு கடிதத்திலிருந்துதான். அண்டை வீட்டுக்காரனை நள்ளிரவில் இழுத்துச் செல்லும்போது நமக்கென்ன என்று கதவைச் சாத்திக்கொள்ளாமல், மறுநாள் காலையில் யாராவது ஒருவர் ஒரு கடிதமேனும் எழுதவேண்டும்.