எழுபத்திரண்டு பேருக்கு ஓர் உள்ளாட்சி

கனடாவின் சஸ்காச்சவன் மாகாணத்தில், அமெரிக்க எல்லைக்குச் சற்று வடக்கே, கிளென் மெக்ஃபர்சன் என்றோர் உள்ளாட்சி இருக்கிறது. பரப்பளவு 800 சதுர கிலோமீட்டருக்கு மேல். 2016ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பின்படி அங்கே வசித்தவர்கள் 72 பேர். அதன் அலுவலகம்கூட உள்ளாட்சி எல்லைக்கு வெளியே, மான்கோட்டா என்ற பக்கத்துக் கிராமத்தில்தான் இயங்குகிறது. ஆனாலும் தேர்தல் உண்டு, தலைவர் உண்டு, வரி போடும் அதிகாரம் உண்டு.

சட்டத்தில் இதற்கு ‘ரூரல் முனிசிபாலிட்டி’ என்று பெயர். அங்குள்ளவர்கள் ஆர்.எம். என்று சொல்லி முடித்துவிடுவார்கள். சஸ்காச்சவனின் தென்பாதியில் மட்டும் இப்படி 296 ஆர்.எம்.கள். நடுநடுவே இருக்கும் சிற்றூர்களும் நகரங்களும் தனித்தனி உள்ளாட்சிகள் என்பதால், ஆர்.எம்.முக்கு மிஞ்சுவது வயல், மேய்ச்சல் நிலம், சாலை, அங்கங்கே ஒரு பண்ணை வீடு. சஸ்கட்டூன் நகரைச் சுற்றியுள்ள கார்மன் பார்க்கில் எட்டாயிரம் பேருக்கு மேல் வசிக்கிறார்கள், அது விதிவிலக்கு. பெரும்பாலானவற்றில் ஆயிரம் பேர்கூடத் தேறாது.

இத்தனை சிறிய உள்ளாட்சிகள் எப்படி வந்தன? நில அளவையில் தொடங்க வேண்டும். 1870களில் கனடா அரசு பிரெய்ரி புல்வெளியைச் சதுரங்கப் பலகைபோலக் கோடு போட்டுப் பிரித்தது. ஆறு மைலுக்கு ஆறு மைல் ஒரு டவுன்ஷிப். அதற்குள் 640 ஏக்கர் கொண்ட 36 செக்‌ஷன்கள். ஒரு செக்‌ஷனில் கால் பங்கு, அதாவது 160 ஏக்கர், ஒரு குடியேறிக்கு. 1872ஆம் ஆண்டுச் சட்டப்படி கட்டணம் பத்து டாலர். மூன்றாண்டு தங்கி, வீடு கட்டி, நிலத்தை உழுது காட்டினால் பட்டா. கொடுக்கப்பட்ட நிலம் ஆளில்லாத நிலம் அல்ல. கிரீ, சோல்ட்டோ, நகோடா மக்கள் எருமை மந்தைகளின் பின்னே வாழ்ந்த மண் அது. 1874இல் நான்காம் உடன்படிக்கையும் 1876இல் ஆறாம் உடன்படிக்கையும் கையெழுத்தாகி, அவர்கள் ஒதுக்கீட்டு நிலங்களுக்குள் தள்ளப்பட்ட பிறகே இந்தக் குடியேற்றம் வேகம் பிடித்தது.

1905இல் சஸ்காச்சவன் மாகாணமானது. 1909இல் ஆர்.எம்.களுக்கான சட்டம் வந்தது. மூன்றுக்கு மூன்றாக ஒன்பது டவுன்ஷிப்களைச் சேர்த்தால் ஓர் ஆர்.எம்., பதினெட்டு மைல் சதுரம். தென்கிழக்கு மூலையிலுள்ள ஆர்கைலுக்கு ஒன்றாம் எண் கொடுத்து, மேற்கும் வடக்குமாக எண்ணிக்கொண்டே போனார்கள். பூமி உருண்டை என்பதால் வடக்கே போகப்போகத் தீர்க்கக்கோடுகள் நெருங்கும். அதைச் சரிக்கட்ட 24 மைலுக்கு ஒருமுறை கட்டங்களைச் சற்றே விலக்கிப் போட்டிருக்கிறார்கள். அம்புபோல நேராகப் போகும் சாலை காரணமே தெரியாமல் திடீரென்று மடங்கி மறுபடி நேராவது அதனால்தான்.

கால் செக்‌ஷனுக்கு ஒரு குடும்பம் என்ற கணக்கு நெடுங்காலம் நிற்கவில்லை. 1930களின் வறட்சியும் புழுதிப் புயலும் தென்பகுதியிலிருந்து பலரை விரட்டின. பிறகு டிராக்டர்களும் அறுவடை இயந்திரங்களும் பெருத்தன, பண்ணைகளும் பெருத்தன. 1936இல் மாகாணத்தில் 1,42,391 பண்ணைகள் இருந்தன. 2021இல் எஞ்சியவை 34,128. இன்று சராசரிப் பண்ணை 1,700 ஏக்கரைத் தாண்டும். விளைச்சல் குறையவில்லை, ஆட்கள்தான் குறைந்தார்கள்.

ஆள் குறைந்தாலும் ஆர்.எம்.மின் வேலை குறையாது. அதன் செலவில் பெரும்பகுதி சரளைச் சாலைகளுக்குப் போகிறது. கோடையில் கிரேடர் ஓட்டிச் சமன்செய்ய வேண்டும், பனிக்காலத்தில் பனியை வழிக்க வேண்டும். ஒரு சாலையின் கோடியில் ஒரே ஒரு வீடு இருந்தாலும் அதே வேலைதான். தானியத்துக்கான ரயில் கட்டணச் சலுகை 1995இல் முடிவுக்கு வந்தபின் கிளை ரயில்பாதைகளும் ஊருக்கு ஊர் நின்ற தானியக் கிடங்குகளும் வேகமாக மறைந்தன. கோதுமையும் கனோலாவும் இப்போது கனரக லாரிகளில் வெகுதூரம் பயணிக்கின்றன. ரயில்வேக்கு மிச்சமான செலவு ஆர்.எம். சாலைகளின் தலையில் வந்து விடிந்தது. ஆகவே இந்த உள்ளாட்சிகளைத் தலையெண்ணி மதிப்பிடுவது பொருந்தாது, மைலெண்ணித்தான் மதிப்பிட வேண்டும் என்பேன்.

தூரம் ஆர்.எம்.களைச் சாலையில் மட்டும் வாட்டவில்லை. ஆள் அரிதான இடத்தில் டாக்டர் நிலைக்க மாட்டார். லாஸ்ட் மவுண்டன் ஏரியின் மேற்குப் பக்கமுள்ள சார்னியா ஆர்.எம்.முக்கு 1915இல் அந்த நெருக்கடி வந்தது. ஹோல்ட்ஃபாஸ்டில் இருந்த டாக்டர் ஊரைவிட்டுக் கிளம்பும் நிலை. வரிப்பணத்திலிருந்து ஆண்டுக்கு 1,500 டாலர் தருகிறோம், இருங்கள் என்றது கவுன்சில். அப்படிக் கொடுக்க அன்று சட்டத்தில் இடமில்லை. மறு ஆண்டே மாகாண அரசு சட்டத்தைத் திருத்தி இடம் கொடுத்தது. ‘முனிசிபல் டாக்டர்’ முறை பிற ஆர்.எம்.களுக்கும் பரவியது.

ஏரியின் எதிர்க்கரையில் மெக்கிலப் ஆர்.எம். அதன் தலைவர் மேத்யூ ஆண்டர்சன், நார்வேயிலிருந்து வந்து குடியேறியவர். ஆளுக்கு ஆண்டுக்கு ஐந்து டாலர் வரி, பதிலாக மருத்துவமும் ஆஸ்பத்திரியும் என்று திட்டம் போட்டு ஓயாமல் வாதாடினார். 1939இல் அதற்கென்றே ஒரு சட்டம் வந்தது. அடுத்து பிட்வில் ஆர்.எம்.மின் செயலாளர் வில்லியம் புராக், ஸ்விஃப்ட் கரன்ட் வட்டாரத்து உள்ளாட்சிகளை ஒன்றுதிரட்டினார். 1946 ஜூலை 1 முதல் அந்த வட்டாரம் முழுவதற்கும் வரிப்பணத்தில் மருத்துவம் கிடைத்தது. இதே மாகாணத்தில் 1962இல் டாக்டர்களின் வேலைநிறுத்தத்தையும் மீறி எல்லோருக்குமான மருத்துவக் காப்பீடு வந்ததும், பின்னர் அது நாடெங்கும் பரவியதும் தெரிந்த கதை. மாகாண முதல்வராக இருந்து அந்தக் காப்பீட்டை முன்னெடுத்த டாமி டக்ளஸுக்குக் கிடைத்த புகழில் நூறில் ஒரு பங்குகூட ஆண்டர்சனுக்கோ புராக்குக்கோ கிடைக்கவில்லை. டொரன்டோவில் டாக்டரைப் பார்த்துவிட்டுக் காசு கொடுக்காமல் வெளியே வரும் ஈழத்தமிழர்களில் எத்தனை பேர் ஹோல்ட்ஃபாஸ்ட் என்ற பெயரைக் கேள்விப்பட்டிருப்பார்கள்?

இந்த ஆர்.எம்.களையெல்லாம் ஒன்றாக்கிவிட்டால் என்ன என்ற கேள்வி அவ்வப்போது எழும். பக்கத்து மானிட்டோபா செய்தே விட்டது. ஆயிரம் பேருக்குக் குறைந்த உள்ளாட்சிகள் இணைந்தாக வேண்டும் என்று 2013இல் சட்டம் போட்டது. 2015 தொடக்கத்தில் 197 உள்ளாட்சிகள் 137 ஆயின. சஸ்காச்சவனிலும் 2000ஆம் ஆண்டில் ஒரு பணிக்குழு இணைப்பை வலியுறுத்தியது. ஆர்.எம்.கள் கொதித்தெழ, அரசு பின்வாங்கியது.

அந்தக் கொதிப்பில் பழக்கத்தின் பிடிவாதமும் கலந்திருந்தது, மறுப்பதற்கில்லை. பல ஆர்.எம்.கள் போட்டியின்றித் தேர்வான அதே முகங்களால் நடப்பவை. அங்கே வசிக்காமல் நிலம் மட்டும் வைத்திருப்பவருக்கும் வாக்குரிமை உண்டு என்பதால், இது யாருடைய ஊர் என்ற கேள்வியும் எழத்தான் செய்கிறது. ஆனால் இணைப்பு மிச்சப்படுத்துவது ஓர் அலுவலகத்தையும் சில சம்பளங்களையும்தான். நிர்வாகியையும் இயந்திரங்களையும் அண்டை ஆர்.எம்.முடன் பகிர்ந்துகொள்ளச் சட்டத்தில் இப்போதே தடையில்லை. இரண்டு ஆர்.எம்.களை ஒன்றாக்கினால் சரளை போட வேண்டிய சாலையில் ஒரு மைல்கூடக் குறையாது. பனிப்புயலுக்கு மறுநாள் கிரேடர் ஏன் வரவில்லை என்று கேட்க வேண்டிய கவுன்சிலரின் வீடு மட்டும் இன்னும் தள்ளிப்போகும்.