இடியோசையும் மௌனமும்
டிரம்ஸ் கலைஞரைப் பற்றிய சில திரைப்படங்கள்

வளர்ந்த பிள்ளைகள் உள்ள வீடுகளில் ‘ஹெவி மெட்டல்’ என்னும் சொல் பெற்றோர் செவிக்கு எட்டாமலிராது. மேலைநாட்டு இசை வகைகளுள் மிக உரத்ததும் கடுமை மிக்கதுமான இது, இங்கிலாந்தின் தொழில் நகராகிய பர்மிங்ஹாமிலிருந்து 1970-ஆம் ஆண்டு ‘பிளாக் சப்பாத்’ குழுவினர் வெளியிட்ட முதல் இசைத்தட்டோடு உருப்பெற்றதென்று பெரும்பாலோர் கூறுவர். இஃது இசையா, இரைச்சலா என்னும் வழக்கை நாம் ஈண்டு எடுத்துக்கொள்ளவில்லை. அவ்வழக்கு நம் அன்பர்களின் இல்லங்களிலேயே போதிய அளவு நடந்து வருகிறது! இவ்விசையின் முதுகெலும்பாக விளங்கும் டிரம்ஸ் கலைஞரைப் பற்றியே பேச விழைகிறோம். பாடகரும் கிட்டார் வாசிப்போரும் மேடை முன்னே நின்று புகழ் பெற, இவரோ பின்வரிசையில் பறைகளுக்கும் வெண்கலத் தட்டுகளுக்கும் நடுவே, இரு கைகளும் இரு கால்களும் ஓயாதியங்க, வியர்வையில் நனைந்து அமர்ந்திருக்கிறார். அவரை முன்னே கொணர்ந்த திரைப்படங்கள் சிலவற்றைக் கண்டோம். அவற்றுள் ஒன்று நம் நெஞ்சை விட்டு அகலவில்லை.

அப்படத்தின் பெயர் ‘சவுண்ட் ஆஃப் மெட்டல்’. டேரியஸ் மார்டர் இயக்கிய இவ்வமெரிக்கப் படம் 2019-இல் டொராண்டோ படவிழாவில் முதன்முதலாகக் காட்டப்பெற்று, அடுத்த ஆண்டு பொதுமக்களிடம் வந்தது. ரூபன் என்னும் இளைஞன் டிரம்ஸ் வாசிக்கிறான். அவன் காதலி லூ பாடுகிறாள். வீடென்று தனியே ஒன்றில்லை. ஒரு பெரிய வண்டியையே வீடாக்கிக்கொண்டு ஊர் ஊராகச் சென்று கச்சேரி செய்கின்றனர். முன்பு போதைப்பழக்கத்தில் வீழ்ந்திருந்த ரூபன் அதனின்று மீண்டு நான்கு ஆண்டுகள் ஆகின்றன. இந்நிலையில் ஒருநாள் திடீரென்று அவன் காதுகள் அடைத்துப்போகின்றன. மருத்துவர் சோதித்துப் பார்த்து, போனது திரும்பாது, எஞ்சியதும் போய்விடும் என்கிறார்.

ரூபனாக நடித்த ரிஸ் அஹ்மத், பாகிஸ்தானிலிருந்து சென்று இங்கிலாந்தில் குடியேறிய பெற்றோருக்கு லண்டனில் பிறந்தவர். இப்பாத்திரத்திற்காகப் பல மாதங்கள் டிரம்ஸ் பயின்றதோடு அமெரிக்கச் சைகைமொழியையும் கற்றார். படத்தில் வாசிப்பது அவரே; வேறொருவர் கைகளைக் காட்டி நம்மை ஏமாற்றவில்லை.

படத்தின் தனிச்சிறப்பு அதன் ஒலியமைப்பு. நிக்கோலா பெக்கர் என்னும் ஒலிக்கலைஞர், உடலின் உள்ளே எழும் மூச்சையும் அசைவையும் பிடிக்கத்தக்க ஒலிவாங்கிகளைக் கொண்டு பணியாற்றினார். ஆகவே ஒரு கணம் உலகின் ஓசைகள் அனைத்தையும் கேட்கிறோம். மறுகணம் ரூபனின் தலைக்குள் இருப்பவர்போல, நீரடியில் மூழ்கியவன் கேட்கும் மங்கிய முனகலை மட்டும் கேட்கிறோம். 2021-இல் வழங்கப்பெற்ற ஆஸ்கார் விருதுகளுள் ஒலிக்கும் படத்தொகுப்புக்கும் உரியவை இப்படத்திற்குக் கிடைத்தமை முற்றிலும் தகும். செவி கேளாதோரும் தடையின்றிக் காணும் வண்ணம் உரையாடலின் எழுத்துகளைப் படத்திலேயே பதித்திருக்கின்றனர். இயக்குநரின் பாட்டி மருந்தொன்றின் விளைவாகச் செவிப்புலனை இழந்தவர் என்பதறிந்தால் இவ்வக்கறையின் காரணம் விளங்கும்.

போதையினின்று மீள முயலும் செவி கேளாதோர் சேர்ந்து வாழும் இல்லம் ஒன்றில் ரூபன் சேர்க்கப்படுகிறான். அதன் தலைவர் ஜோ, வியட்நாம் போரில் செவிப்புலனை இழந்தவர். நாள்தோறும் விடியற்காலையில் ஓர் அறையில் தனியே அமர்ந்திரு, சும்மா இருக்க இயலாவிடில் எதையேனும் எழுது என்று அவர் ரூபனுக்குக் கட்டளையிடுகிறார். சும்மா இருப்பதன் அருமை நம்மவர்க்குப் புதிதன்று. ஆயினும் இடியென முழக்கியே வாழ்ந்த அவ்விளைஞனுக்கு அதுவே கடுந்தண்டனையாகிறது. அறையிலிருந்த தின்பண்டத்தின்மேல் அவன் தன் கைமுட்டியால் காட்டும் சினத்தைக் காணும்போது சிரிப்பும் இரக்கமும் ஒருங்கே எழுகின்றன.

ஜோவாக நடித்த பால் ரேசியின் பெற்றோர் இருவரும் செவி கேளாதவர்கள். பிளாக் சப்பாத் குழுவின் பாடல்களைச் சைகைமொழியிலும் சேர்த்து நிகழ்த்தும் குழுவொன்றை வாழ்வில் நடத்துபவரும் இவரே. இத்தகைய ஒருவரைத் தேடிப் பிடித்ததில் இயக்குநரின் விவேகம் தெரிகிறது.

பூங்கா ஒன்றில் இரும்புச் சறுக்குப் பலகையின்மேல் செவி கேளாத சிறுவன் ஒருவன் காது வைத்துச் சாய்ந்திருக்கிறான். ரூபன் விரல்களால் அப்பலகையைத் தட்டுகிறான். ஒலி இல்லை, அதிர்வு மட்டும் உண்டு. சிறுவன் அதை உணர்ந்து தானும் தட்டுகிறான். பின்னர் அவ்வில்லத்துக் குழந்தைகளுக்கு வாளிகளைக் கவிழ்த்து வைத்துத் தாளம் கற்பிக்கிறான் ரூபன். தாளம் செவிக்கு மட்டும் உரியதன்று என்பதை இதைவிடத் தெளிவாகக் காட்டிய படம் நாம் அறிந்தவரை வேறில்லை.

எனினும் ரூபன் மனம் ஆறவில்லை. தன் டிரம்ஸையும் வீடாயிருந்த வண்டியையும் விற்றுப் பணம் திரட்டி, ‘காக்ளியர் இம்ப்ளான்ட்’ என்னும் கருவியைப் பொருத்திக்கொள்கிறான். செவிடாயிருப்பது செப்பனிட வேண்டிய குறையன்று என்னும் கொள்கையின்மேல் நிற்கும் இல்லத்தில் இனி அவனுக்கு இடமில்லை என்று ஜோ கண்கலங்கக் கூறும் காட்சி மிகக் கொடிது. கருவி இயக்கப்பட்டதும் ரூபன் கேட்பது தகரத்தைச் சுரண்டினாற்போன்ற ஓசை. படத்தின் பெயருக்கு இரண்டாம் பொருள் அங்கே கிடைக்கிறது.

இவ்விடத்தில் ஒரு சொல் கூறாதிருக்க இயலாது. உட்செவியின் நுண்ணிய மயிரணுக்கள் அழிந்தால் மீண்டும் முளைப்பதில்லை. அவற்றைத் தாண்டிச் செவிநரம்புக்கு நேரே மின்குறிப்புகளை அனுப்புவதே இக்கருவியின் வேலை. தொடக்கத்தில் ஒலி இயற்கைக்கு மாறாகத் தோன்றுவது உண்மையே. ஆனால் மாதக்கணக்கான பயிற்சியால் மூளை பழகிப் பேச்சைப் புரிந்துகொள்ளும் நிலையைப் பலர் எய்துகின்றனர். படம் இதைச் சொல்லாமல் விட்டது குறையே என்பது நம் கருத்து. நம் நாட்டில் பிறவியிலேயே செவி கேளாத குழந்தைகளுக்கு அரசுத் திட்டங்களின் வழியாகவும் இக்கருவி பொருத்தப்படுகிறது. இளம் பருவத்திலேயே செய்வதில்தான் பயன் மிகுதி. படத்தைக் கண்டு எந்தத் தாயும் அஞ்சிவிடலாகாது.

ரூபனின் செவி போனதன் காரணத்தைப் படம் திட்டமாகச் சொல்வதில்லை. ஆயினும் டிரம்ஸ் வாசிப்போர்க்குச் செவிக்கேடு அயலானதன்று. 85 டெசிபல் ஓசையை நாளொன்றுக்கு 8 மணி நேரம் தாங்கலாம் என்றும், ஒவ்வொரு 3 டெசிபல் கூடும்போதும் அந்நேரம் பாதியாகக் குறையும் என்றும் அமெரிக்கத் தொழில்நல ஆய்வாளர் வகுத்துள்ளனர். இக்கணக்கில் 100 டெசிபலுக்குக் கால்மணி நேரமே எல்லை. டிரம்ஸ் வாசிப்பு அவ்வளவைத் தாண்டுவது எளிது. அடுக்குமாடி வீட்டின் சிறு அறையில் பயிலும் பிள்ளைக்குச் செவிக்காப்பு வாங்கித் தருவது அண்டைவீட்டாரைச் சமாதானம் செய்வதினும் முந்திய கடமை.

இரண்டாவது படம் கற்பனையன்று. 2008-இல் வெளிவந்த ‘ஆன்வில்! தி ஸ்டோரி ஆஃப் ஆன்வில்’ கனடாவின் டொராண்டோ நகரக் குழுவொன்றின் மெய்க்கதை. ஆன்வில் என்றால் கொல்லன் பட்டடை; அடிபடுவதற்கென்றே வைத்த பெயர்போலும்! லிப்ஸ் என்று அழைக்கப்படும் ஸ்டீவ் குட்லோவும் டிரம்ஸ் கலைஞர் ராப் ரைனரும் பள்ளிப் பருவம் முதல் நண்பர்கள். 1984-இல் ஜப்பானில் பெருங்கூட்டத்தின் முன் வாசித்தனர். அன்று உடன் வாசித்த பிற குழுக்கள் செல்வத்தில் மிதக்க, இவர்கள் மட்டும் பின்தங்கினர். லிப்ஸ் பள்ளிகளுக்கு உணவு கொண்டுசெல்லும் வேலை பார்க்கிறார். ஐரோப்பியப் பயணத்தில் ரயிலைத் தவறவிடுகின்றனர். விடுதிக்காரர் ஒருவர் கூலி தர மறுக்கிறார். பதினாயிரம் பேர் கொள்ளும் அரங்கில் 174 பேர் வந்து நிற்கின்றனர். இயக்கிய சாஷா ஜெர்வாசி இளமையில் இக்குழுவுக்கு மேடைப்பணி செய்தவர். ரைனரிடமே டிரம்ஸ் கற்றவர். அந்த நன்றியுணர்வு படம் முழுவதும் இழையோடுகிறது. ஆஷ்விட்ஸ் வதைமுகாமிலிருந்து உயிர் தப்பியவரின் மகன் ரைனர்; ஓவியமும் தீட்டுவார்; பேச்சு குறைவு. ஒலிப்பதிவுக் கூடத்தில் லிப்ஸ் அவர்மேல் சீறிவிழுந்து, பின்னர் அழுது மன்னிப்புக் கோரும் காட்சி, முப்பதாண்டு நட்பின் பாரத்தை நமக்குக் காட்டுகிறது. (1984-இல் வெளிவந்த ‘திஸ் இஸ் ஸ்பைனல் டாப்’ என்னும் நையாண்டிப் படத்தில் டிரம்ஸ் வாசிப்போர் ஒருவர்பின் ஒருவராக விந்தையான முறையில் மாண்டுபோவர். அதை இயக்கியவர் பெயரும் ராப் ரைனரே, உறவு ஏதுமில்லை.)

‘மெட்டாலிகா: சம் கைண்ட் ஆஃப் மான்ஸ்டர்’ (2004) செல்வம் மிகுந்த குழுவின் பூசல்களைக் காட்டுவது. மனநல ஆலோசகர் ஒருவருக்கு மாதம் 40,000 டாலர் கொடுத்து ஒருவரோடொருவர் பேசப் பழகுகின்றனர். நமக்கு அதில் பொறுமை குன்றியது. ஒரு காட்சிக்காக மட்டும் காணலாம். குழுவின் டிரம்ஸ் கலைஞர் லார்ஸ் உல்ரிக் டென்மார்க்கில் பிறந்தவர். தந்தை டார்பன் உல்ரிக் அந்நாட்டின் புகழ்பெற்ற டென்னிஸ் வீரர், பாட்டனாரும் அவ்வாறே. மகனையும் டென்னிஸ் வீரனாக்கும் எண்ணத்தோடு 1980-இல் குடும்பம் அமெரிக்காவில் குடியேறியது. மகனோ டிரம்ஸைப் பற்றிக்கொண்டான். 1981-இல் நாளிதழ் விளம்பரம் ஒன்றின் மூலம் கூட்டாளியைத் தேடிக் குழுவைத் தொடங்கினான். உலகப்புகழும் பெருஞ்செல்வமும் வந்தபின், நீண்ட வெண்தாடியோடு தந்தை ஒலிப்பதிவுக் கூடத்தில் அமர்ந்து மகனின் புதுப்பாட்டைக் கேட்கிறார். கேட்டு முடித்து, நானாயிருந்தால் இதை நீக்கிவிடுவேன் என்று மிக மெதுவாகச் சொல்கிறார். இதையே முதற்பாட்டாக வைக்கலாம் என்று பிறர் கூறினார்களே என்கிறார் மகன். இருக்கலாம், ஆயினும் எனக்கு அப்படித் தோன்றவில்லை என்கிறார் தந்தை. நாற்பதை நெருங்கும் அம்மனிதரின் முகம் அப்போது பள்ளிச் சிறுவன் முகமாகிவிடுகிறது.