ஆறு நிறங்களும் ஒரு கேள்வியும்

வடகிழக்குப் பருவமழை தொடங்கிவிட்டால், தாம்பரம், முடிச்சூர், வரதராஜபுரம் பகுதி மக்கள் வானத்தைப் பார்ப்பதற்கு முன்பு நிறத்தைக் கேட்கிறார்கள். மஞ்சளா, ஆரஞ்சா, சிவப்பா? மழையின் அளவை மில்லிமீட்டரில் சொன்னால் புரியாத ஒருவருக்கும் சிவப்பு என்றால் புரிந்துவிடுகிறது. நிறம் அவ்வளவு வலிமையான மொழி. அந்த மொழி மழையைக் குறிக்கலாம். மனிதரையும் குறிக்கலாமா என்பதுதான் கேள்வி.

இந்தக் கேள்வி இந்திய மண்ணுக்குப் புதிதன்று. புத்தரும் மகாவீரரும் வாழ்ந்த காலத்திலேயே உயிர்களை நிறங்களாக வகுத்துச் சிந்தித்த ஒரு சமயம் இருந்தது. அதுவே ஆசீவகம். மற்கலி கோசாலர், பூரணர் ஆகியோர் அதன் ஆசிரியர்களாக அறியப்படுகின்றனர். பிகாரில் பராபர் குன்றின் குகைகளை அசோகரும், அருகிலுள்ள நாகார்ச்சுனிக் குன்றின் குகைகளை அவர் பேரன் தசரதனும் ஆசீவகத் துறவிகளுக்கு அளித்ததைக் கல்வெட்டுகள் கூறுகின்றன.

வடக்கே மங்கிய பிறகும் அச்சமயம் தமிழகத்தில் நீண்ட காலம் நிலைத்தது. மணிமேகலையில் சமயக் கணக்கர்களுள் ஒருவராக ஆசீவகர் வருகிறார். நீலகேசியில் பூரணன் என்னும் ஆசீவக ஆசிரியனுடன் நீலகேசி வாதிடுகிறாள். 13-ஆம் நூற்றாண்டில் சிவஞான சித்தியாரின் பரபக்கம் அச்சமயத்தை மறுக்கிறது. அதே நூற்றாண்டில், வேலூர் அருகே பொய்கையில் கிடைத்த கல்வெட்டுகளின் வரிப்பட்டியலில் 'ஆசுவக் கடமை' என்றொரு வரி காணப்படுகிறது. அது ஆசீவகர் மீதான வரி என்பது ஏ.எல். பாஷம் உள்ளிட்ட ஆய்வாளர்களின் கருத்து. வேறு பொருள் கொள்வோரும் உண்டு.

ஆசீவகரின் சொந்த நூல் எதுவும் நமக்குக் கிடைக்கவில்லை. எதிர்த்தரப்பினர் எழுதியவற்றிலிருந்தே அவர்களை அறிகிறோம். மணிமேகலை தரும் வரிசைப்படி பிறப்புகள் ஆறு: கருமை, கருநீலம், பசுமை, செம்மை, பொன்மை, வெண்மை. உயிர் இப்படிகளைக் கடந்து, மிகத் தூய வெண்மையில் வீடு பெறும். ஆனால், அது மனித முயற்சியால் நிகழ்வதன்று, எல்லாம் ஊழின்படியே. உருட்டிவிட்ட நூலுருண்டை நூல் தீரும்வரை உருள்வதுபோல் உயிரும் தன் பிறவிகளைக் கழித்தே தீரும் என்பது அவர்கள் கூற்றாகப் பௌத்த நூல் தரும் உவமை.

அங்குத்தர நிகாயம் இந்த ஆறு வகைகளில் யார் யார் அடங்குவர் என்பதையும் பட்டியலிடுகிறது. கறுப்பில் இறைச்சி வெட்டுவோர், வேடர், மீனவர், திருடர், சிறைக்காவலர் ஆகியோர். நீலத்தில் பௌத்தத் துறவிகள். சிவப்பில் சமணத் துறவிகள். வெண்மையில் ஆசீவகத் துறவிகள். மிகத் தூய வெண்மையில் மற்கலி உள்ளிட்ட அவர்களின் குருமார்கள். மீன்பிடித்துப் பிழைப்பவரும் திருடரும் ஒரே நிறம். வகுத்தவர்கள் மட்டும் உச்சியில்! எதிரிகள் தந்த பட்டியல் என்று சற்றுக் கழித்துக்கொண்டாலும், தரம் பிரிப்பவர் தம்மை எங்கே நிறுத்திக்கொள்கிறார் என்று பார்க்கும் பழக்கத்தை அது நமக்குக் கற்றுத்தருகிறது.

இதற்குப் புத்தர் தரும் மறுமொழி இன்றைய பொருளியல் வகுப்பிலும் பாடமாகத் தக்கது. இப்படி வகுக்க உலகோர் அனைவரும் இசைந்தனரா என்பதே அவருடைய முதல் கேள்வி. ஏழை ஒருவனுக்கு, அவன் விரும்பாமலேயே ஓர் இறைச்சித் துண்டைக் கொடுத்துத் தின்னச் சொல்லி, பிறகு விலையையும் கேட்பதற்கு அதனை ஒப்பிடுகிறார். பின்னர், கறுப்பில் பிறந்தவர் வெண்மையான செயலும் செய்யலாம், வெண்மையில் பிறந்தவர் கறுப்பான செயலும் செய்யலாம், இருவருமே இரண்டையும் கடந்த விடுதலையையும் அடையலாம் என்று வேறோர் அறுவகையைத் தருகிறார்.

சமணர்களும் ஆறு நிறங்களைப் பேசினர். அவற்றை 'லேசியை' என்றனர். ஆனால், அங்கே நிறம் பிறப்பையோ தொழிலையோ குறிப்பதன்று, மனநிலையைக் குறிப்பது. பழத்துக்காக மரத்தையே வெட்ட நினைப்பவன் கறுப்பு; உதிர்ந்த பழத்தைப் பொறுக்கினால் போதும் என்பவன் வெள்ளை. எண்ணம் மாறினால் நிறமும் மாறும்.

இன்றைய நிர்வாகமும் நிறங்களால் சிந்திக்கிறது. மழை எச்சரிக்கையின் நிறம் நிலைமைக்கேற்ப மாறுகிறது. பல்லாவரம், குரோம்பேட்டை வட்டாரம் நன்கறிந்த தோல் பதனிடும் தொழில், மாசுக் கட்டுப்பாட்டு வாரியத்தின் சிவப்பு வகையில் வருகிறது. இந்த வகை தொழிலின் இயல்பைப் பொறுத்தது. தனி ஆலையின் நடத்தையைப் பொறுத்ததன்று. 2020 மே மாதத் தொடக்கத்தில் செங்கல்பட்டு மாவட்டம் கரோனா சிவப்பு மண்டலமானபோது, நெரிசல் மிகுந்த தாம்பரத்துக்கும் செய்யூர் வட்டத்துச் சிற்றூருக்கும் ஒரே நிறம்தான். அங்கே ஒருவரின் நிறத்தை முடிவு செய்தது அவருடைய உடல்நிலையன்று, அவர் வாழ்ந்த மாவட்டத்தின் எல்லை.

இதற்கு மாறான ஒரு முன்மாதிரியும் தமிழகத்திலேயே உண்டு. 1997-இல் மத்திய அரசு, வறுமைக்கோட்டின் அடிப்படையில் குடும்பங்களைப் பிரிக்கும் இலக்குசார் பொது விநியோக முறையைக் கொண்டுவந்தது. தமிழகமோ அனைவருக்குமான ரேஷனைக் கைவிடவில்லை. அரிசி வேண்டுவோர் பச்சை அட்டை, அரிசிக்குப் பதில் கூடுதல் சர்க்கரை வேண்டுவோர் வெள்ளை அட்டை. 'நீ ஏழையா' என்று அரசு கேட்கவில்லை; 'உனக்கு எது வேண்டும்' என்று கேட்டது. பின்னர் சர்க்கரை அட்டையை அரிசி அட்டையாக மாற்றிக்கொள்ளவும் வாய்ப்பளித்தது. 2017-இல் ஸ்மார்ட் அட்டை வந்த பிறகு நிறங்கள் மறைந்து குறியீடுகள் வந்துள்ளன. கண்ணுக்குத் தெரியாத குறியீட்டைக் கேள்வி கேட்பது நிறத்தைக் கேள்வி கேட்பதைவிடக் கடினம்.

வகைப்படுத்தாமல் எந்த அரசும் இயங்க முடியாது. எனவே, வகைப்பாடே கூடாது என்பது வாதமன்று. ஆனால், எந்தத் திட்டம் நம்மை வகைப்படுத்தினாலும் மூன்றைக் கேட்க நமக்கு உரிமையுண்டு. அளவுகோலை வகுத்தவர் யார்? அது நம் செயலையும் நிலையையும் அளக்கிறதா, நாம் பிறந்த இடத்தையும் தொழிலையும் அளக்கிறதா? தவறாக வகைப்படுத்தப்பட்டவர் அதனை மாற்றிக்கொள்ள வழி உண்டா? இம்மூன்றுக்கும் விடை தராத பட்டியல், அது கணினியில் இருந்தாலும், ஊழை நம்பச் சொல்லும் பட்டியலே.