ஜோடி இல்லாத கதாநாயகி: கே.பி. சுந்தராம்பாள்

சங்கரன்கோவில்ல இருந்து பேசுறேன். ‘ஹீரோயின்னா ஹீரோவுக்கு ஜோடி’ங்கிற கணக்கை உடைச்சவங்க யாருன்னு யோசிச்சா, எனக்கு முதல்ல ஞாபகம் வர்றது கே.பி. சுந்தராம்பாள்.

கொடுமுடியில பிறந்தவங்க. எங்க தென்காசி மாவட்டத்துச் செங்கோட்டைக்காரர் எஸ்.ஜி. கிட்டப்பாவோட நாடக மேடையில கொடிகட்டிப் பறந்தாங்க. அவரையே கல்யாணமும் பண்ணிக்கிட்டாங்க. 1933 டிசம்பர்ல கிட்டப்பா இறந்துபோனார். அப்போ சுந்தராம்பாளுக்கு 25 வயசு. வெள்ளைப் புடவைக்கு மாறினாங்க. இனி எந்த ஆணோடும் ஜோடியா நடிக்கிறதில்லைன்னு முடிவெடுத்தாங்க.

அத்தோட அவங்க கலை வாழ்க்கை முடிஞ்சிருக்கணும். ஏன்னா, ஜோடி சேராத நடிகைக்கு சினிமாவில என்ன வேஷம் இருக்கு?

1935-ல ‘நந்தனார்’ படம் வந்துச்சு. நந்தனாரா நடிச்சதே சுந்தராம்பாள்தான்! ஹீரோ வேஷத்தையே அவங்க எடுத்துக்கிட்டாங்க. அதுக்கு ஒரு லட்ச ரூபாய் சம்பளம்னு இன்னைக்கும் சொல்லுவாங்க.

1953-ல ஜெமினியோட ‘ஔவையார்’. 44 வயசுல, நரைச்ச முடியோட ஒரு கிழவி வேஷம். காதலும் இல்ல, டூயட்டும் இல்ல. முழுப் படத்தையும் தன் குரலால தூக்கி நிறுத்தினாங்க.

இதுல நான் கவனிக்கிற விஷயம் ஒண்ணு இருக்கு. கைம்பெண்ணுக்குச் சமூகம் விதிச்ச அதே வெள்ளைப் புடவைதான் அவங்க உடுத்தினது. ஆனா ‘வீட்டுக்குள்ள முடங்கு’ங்கிற மீதி விதியை அவங்க ஏத்துக்கல. எதிர்ப்புன்னா சத்தமாத்தான் இருக்கணுமா, என்ன?

நீங்க என்ன நினைக்கிறீங்க? சொல்லுங்க. அடுத்த எபிசோடுல பார்ப்போம்.