92 வயதில் கதாநாயகி! போலந்து நடிகையின் நெடும் பயணம்

ரெயில்வேயில் 60 வயது முடிந்தால் மாலை போட்டு, கைக்கடிகாரம் கொடுத்து, வீட்டுக்கு அனுப்பி விடுவார்கள். "இனி நமக்கு என்ன வேலை?" என்று நாமும் உட்கார்ந்து விடுகிறோம். ஆனால் போலந்து நாட்டில் ஒரு நடிகை 92 வயதில் படத்தின் கதாநாயகியாக வந்தார். சிறந்த நடிகைக்கான பரிசையும் தட்டிச் சென்றார்!

அவர் பெயர் தனுதா ஷாப்லார்ஸ்கா.

மலைக் கிராமத்துப் பெண்

1915-ம் ஆண்டு பிப்ரவரி 6-ந் தேதி, போலந்தின் தென் கோடியில் உள்ள கொசாஷிஸ்கா என்ற மலைக் கிராமத்தில் பிறந்தார். சிறு வயதிலேயே தந்தையை இழந்தார். நடிப்பின் மீது இருந்த ஆசை அவரைத் தலைநகர் வார்சாவுக்குக் கொண்டு வந்தது. அங்குள்ள நாடகக் கல்லூரியில் பயின்று, 1939-ல் தேர்ச்சி பெற்றார்.

வேலையில் சேர்ந்த அதே ஆண்டு, செப்டம்பர் 1-ந் தேதி ஹிட்லரின் படை போலந்துக்குள் புகுந்தது. இரண்டாம் உலகப்போர் மூண்டது.

1944-ல் வார்சா மக்கள் ஜெர்மானியரை எதிர்த்து ஆயுதம் ஏந்தினார்கள். 63 நாள் நடந்த அந்தப் போராட்டத்தில், குண்டு மழைக்கு நடுவே செய்தி கொண்டு செல்லும் தொண்டராகத் தனுதா பணியாற்றினார். போராட்டம் தோற்றது. நகரம் இடிபாடாயிற்று.

முதல் படம்

போருக்குப் பிறகு போலந்தில் வெளியான முதல் கதைப்படம் "தடை செய்யப்பட்ட பாடல்கள்". 1947 ஜனவரியில் திரைக்கு வந்தது. டைரக்டர் லியோனார்டு புச்கோவ்ஸ்கி. ஜெர்மானியர் ஆட்சியில் வார்சா மக்கள் பாட்டையே ஆயுதமாக்கிய கதை. அதில் தனுதாதான் கதாநாயகி. நாடு முழுவதும் அவரை அறிந்து கொண்டது.

அடுத்து 1949-ல் "புதையல்". இடிந்த நகரில் குடியிருக்க ஓர் அறை கிடைக்காமல் இளம் தம்பதி படும் பாட்டைச் சொல்லும் நகைச்சுவைப் படம். ஒற்றை அறையில் எட்டுப் பேர் படுத்து எழும் நமக்கு அந்தச் சிரிப்பின் பொருள் நன்றாகவே புரியும்.

பிறகு பல ஆண்டுகள் சினிமாவில் பெரும்பாலும் சின்ன வேடங்கள்தான் கிடைத்தன. தனுதா முகம் சுளிக்கவில்லை. நாடக மேடை அவரைக் கைவிடவில்லை. அவரும் மேடையைக் கைவிடவில்லை.

வீடும் கிழவியும்

2007-ல் பெண் டைரக்டர் தொரோத்தா கென்ஜெஷாவ்ஸ்கா எடுத்த கறுப்பு-வெள்ளைப் படம் "சாகும் நேரம்". பழைய மர வீட்டில் ஒரு நாயுடன் தனியே வாழும் கிழவியாகத் தனுதா நடித்தார். மரியாதை இல்லாமல் பேசும் டாக்டருக்குச் சூடாக ஒரு வார்த்தை கொடுத்து விட்டு எழுந்து வரும் கிழவி! பெற்ற மகனோ, தாய்க்குத் தெரியாமல் வீட்டை விற்கப் பேரம் பேசுகிறான். கிழவி அழுது புலம்பவில்லை. பக்கத்தில் குழந்தைகளுக்கு இசை கற்றுத் தருபவர்களுக்கே வீட்டை எழுதி வைத்து விடுகிறாள்.

இந்த வேடத்துக்காகத்தான் கிதினியா திரைப்பட விழாவில் சிறந்த நடிகை பரிசு அவருக்குக் கிடைத்தது.

அதோடு அவர் நிற்கவில்லை. 2009-ல், 94 வயதில், பேத்தி வயதுள்ள எழுத்தாளர் தொரோத்தா மஸ்வோவ்ஸ்காவின் புதிய நாடகத்தில், சக்கர நாற்காலிப் பாட்டியாக மேடை ஏறினார். 2017 பிப்ரவரி 19-ந் தேதி வார்சாவில் காலமானார். அப்போது அவருக்கு வயது 102.

"வீட்டை விற்று விட்டு இங்கே வந்து விடு" என்று ஊரில் தனியாக இருக்கும் தாயாரை நெருக்குபவர்கள் நம்மில் பலர். நானும் அப்படிச் சொன்னவன்தான். இந்தப் படத்தைப் பார்த்த இரவிலிருந்து அந்தப் பேச்சை விட்டு விட்டேன். இப்போது போனில், "கூரையில் ஓடு மாற்ற வேண்டுமா, அம்மா?" என்றுதான் கேட்கிறேன்.