'சமர்ப்பி' பட்டனை ரெண்டாவது தடவை அழுத்தலாமா?

ஜவ்வாது மலையில் மேட்டில் நின்றால் டவர் கிடைக்கும். பள்ளத்தில் இறங்கினால் போய்விடும். அப்படி ஓர் இடத்தில் இருந்து, மகளின் கல்லூரிச் சேர்க்கைக்காக இ-சேவை இணையதளத்தில் சாதிச் சான்றிதழுக்கு விண்ணப்பிக்கிறீர்கள் என்று வைத்துக்கொள்வோம். பணமும் கட்டியாச்சு. திரையில் வட்டம் மட்டும் சுத்திக்கிட்டே இருக்கு. கை தானாக மறுபடியும் 'சமர்ப்பி' பட்டனுக்குப் போகும். கொஞ்சம் பொறுங்கள்!

உங்கள் போனும் அரசு சர்வரும் பேசிக்கொள்ளப் பொதுவான விதிகள் இருக்கின்றன. இவற்றைத்தான் நெறிமுறை, அதாவது புரோட்டோகால் என்கிறோம். இந்த விதிகள் ஆர்.எஃப்.சி. என்ற எண்ணிட்ட ஆவணங்களாக 1969 முதல் வெளியாகின்றன. யார் வேண்டுமானாலும் இலவசமாகப் படிக்கலாம்.

அதில் ஒன்று டி.சி.பி. 1981-ல் வெளியான இந்த விதி, 2022-ல் ஆர்.எஃப்.சி. 9293 ஆகப் புதுப்பிக்கப்பட்டது. நீங்கள் ஏற்றும் 200 கே.பி. ஸ்கேன் நகல், நூற்றுக்கும் மேற்பட்ட சின்னச் சின்னப் பொட்டலங்களாகப் பிரிந்து போகிறது. ஒவ்வொன்றுக்கும் வரிசை எண் உண்டு. 'வந்து சேர்ந்தது' என்ற பதில் வராவிட்டால், போன் தானாகவே திரும்ப அனுப்பும். ஒரே பொட்டலம் ரெண்டு தடவை போனாலும் மறுமுனை ஒன்றை மட்டும் எடுத்துக்கொள்ளும். ஆக, சிக்னல் குறைவான இடத்தில் வட்டம் சுற்றும்போது, நீங்கள் எதுவும் செய்யாமலே மறுமுயற்சி நடந்துகொண்டிருக்கிறது.

அப்படியானால் சிக்கல் எங்கே? விண்ணப்பம் போய்ச் சேர்ந்து, அதற்கான பதில் திரும்பி வரும் நேரத்தில் டவர் போய்விடலாம். அங்கே வேலை முடிந்திருக்கும், உங்களுக்குத் தெரியாது.

இணையப் பக்கங்களுக்கான எச்.டி.டி.பி. விதி (ஆர்.எஃப்.சி. 9110) இதை முன்கூட்டியே யோசித்திருக்கிறது. ஒரு பக்கத்தைப் பார்ப்பதற்கான கோரிக்கை 'கெட்'. இதை எத்தனை தடவை அனுப்பினாலும் பாதகமில்லை. விவரங்களைப் பதிவு செய்யும் கோரிக்கை 'போஸ்ட்'. இதைத் திரும்ப அனுப்பினால் இரண்டாவது விண்ணப்பமாகவோ, இரண்டாவது கட்டணமாகவோ ஆகிவிடலாம். 'படிவத்தை மீண்டும் அனுப்பவா?' என்று பிரவுசர் சில சமயம் கேட்பது இதனால்தான்.

எனவே, பணம் கட்டிய பிறகு பக்கம் நின்றுபோனால்:

• 'பேக்', 'ரீஃப்ரெஷ்' எதையும் அழுத்தாமல் சில நிமிடங்கள் காத்திருங்கள்.

• வங்கியில் இருந்தும் இ-சேவையில் இருந்தும் எஸ்.எம்.எஸ். வந்திருக்கிறதா என்று பாருங்கள். சாதாரண எஸ்.எம்.எஸ்.சுக்கு டேட்டா தேவையில்லை. அதனால் பதிவு செய்யும் கைபேசி எண் சரியாக இருக்கட்டும்.

• சிக்னல் வந்ததும் மீண்டும் லாகின் செய்து, விண்ணப்பத்தின் நிலையைப் பாருங்கள். இது 'பார்க்கும்' கோரிக்கைதான், பயமில்லை.

• விண்ணப்பம் பதிவாகவில்லை, பணமும் போகவில்லை என்று உறுதியானால் மட்டும் மறுபடி சமர்ப்பியுங்கள்.

• பணம் போய், விண்ணப்பம் பதிவாகாமல் இருந்தால், பரிவர்த்தனை எண்ணைக் குறித்துக்கொண்டு அருகில் உள்ள இ-சேவை மையத்தை அணுகுங்கள். முதல்வரின் உதவி மையத்தை 1100 என்ற எண்ணிலும் அழைக்கலாம்.